இருவருக்கு நடுவே ஒரு நாதஸ்வரம்

கும்பகோணத்தில் வளர்ந்த அந்த நாவலாசிரியை முதன்முதலில் படித்த காதல் கதை சணலால் தைத்த ஒரு பைண்டுப் புத்தகம். அந்தக் காலத்தில் பல வீடுகளில் இருந்த வழக்கம்தான். வாரப் பத்திரிகையில் தொடர்கதை வரும் பக்கங்களை மட்டும் பிரித்தெடுத்து, வரிசையாக அடுக்கி, கோணி ஊசியால் தைத்து, முதுகில் மைதாப் பசை தடவி அட்டை ஒட்டிவிடுவார்கள். கதைப் பக்கத்தின் பின்புறம் பாதி ஜோக் இருக்கும், தைல விளம்பரம் இருக்கும், யாரோ எழுதிய பயணக் கட்டுரையின் நடுப்பகுதி இருக்கும். பெரியம்மா அப்படித் தைத்து வைத்திருந்தது கொத்தமங்கலம் சுப்புவின் ‘தில்லானா மோகனாம்பாள்’. 1950-களின் பிற்பகுதியில் கோபுலுவின் ஓவியங்களோடு ஆனந்த விகடனில் வந்த தொடர்.

அந்தப் பைண்டில் ஒரு வாரம் இல்லை. யாரோ இரவல் வாங்கிப் போய்த் திருப்பித் தரவில்லை. அதற்கு முந்தைய வாரத்தில் சண்முகசுந்தரமும் மோகனாவும் ஒருவர் மேல் ஒருவர் கோபமாக இருக்கிறார்கள். அடுத்த வாரத்தில் கோபம் பாதி இறங்கியிருக்கிறது. நடுவில் என்ன நடந்தது என்று கேட்டால் வீட்டில் ஆளுக்கொரு கதை சொன்னார்கள். பெரியம்மாவின் கதையில் மோகனா விட்டுக்கொடுத்தாள். சித்தியின் கதையில் சண்முகசுந்தரம் வாசலில் வந்து நின்றான். அடுப்படியில் இருந்த பாட்டி இரண்டையும் ஒப்புக்கொள்ளவில்லை. “ரெண்டு பேரும் வரலைடி. அவன் எங்கேயோ உக்காந்து வாசிச்சிருப்பான், இவ காதுல விழுந்திருக்கும். அவ்வளவுதான் நடந்திருக்கும்” என்றாள்.

பாட்டி பள்ளிக்கூடம் போனவள் அல்ல. கதையைப் பிறர் வாசிக்கக் கேட்டவள். ஆனால் அந்த ஜோடியை இணைப்பது எது என்று அவளுக்குத்தான் சரியாகப் பிடிபட்டிருந்தது. சண்முகசுந்தரம் தன் நாதஸ்வரத்தை யாருக்கும் தாழ்த்தாதவன். மோகனா தன் பரதத்தை யாருக்கும் தாழ்த்தாதவள். அவன் அவளுடைய ஆட்டத்தைப் பற்றி என்ன நினைக்கிறான் என்பதில்தான் அவளுக்கு உயிரே இருக்கிறது. ஊரெல்லாம் புகழ்ந்தாலும் அவன் ஒருவன் தலையசைக்காவிட்டால் அவளுக்கு அந்த மேடை வீண். 1968-இல் ஏ.பி. நாகராஜன் இதைப் படமாக்கியபோது சிவாஜி கணேசனும் பத்மினியும் பேசிய வசனங்களைவிட, மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள் வாசித்த நாதஸ்வரம்தான் அந்த இருவரின் உறவை அதிகம் சொன்னது. அந்த வாத்தியத்தைக் கதையிலிருந்து எடுத்துவிட்டால் மிஞ்சுவது சண்டைக்கார ஆண் ஒருவன், கோபக்காரப் பெண் ஒருத்தி. அவர்கள் சேர்ந்தால் என்ன, சேராவிட்டால் என்ன?

இரண்டு பேர் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டே இருப்பதை எழுதினால் அரைப் பக்கத்தில் அலுத்துவிடும். இருவரும் சேர்ந்து மூன்றாவதாக ஒன்றைப் பார்க்க வேண்டும், அதன் பொருட்டு மல்லுக்கு நிற்க வேண்டும். அந்த நாவலாசிரியை எழுத வந்து பல ஆண்டுகள் கழிந்த பிறகும் தன் நாவல்களில் முதலில் தேடுவது அந்த மூன்றாவது பொருளைத்தான்.

கும்பகோணத்துக்காரராகப் பிறந்ததால் இதற்கு அவர் வெகுதூரம் தேடிப் போகவேண்டியிருக்கவில்லை. தமிழ் உரைநடையில் ஆண் பெண் உறவை நுணுக்கமாக எழுதியவர்களில் பலர் அந்த ஊரின் தெருக்களில் நடந்தவர்கள். கு.ப. ராஜகோபாலன் 1902-இல் அங்கே பிறந்தவர். கண் பார்வை மங்கியிருந்த காலத்தில் அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொடுத்த தங்கை கு.ப. சேது அம்மாளும் பின்னால் எழுத்தாளரானார். தி. ஜானகிராமன் படித்தது கும்பகோணம் அரசுக் கல்லூரியில். அவருடைய நண்பர் எம்.வி. வெங்கட்ராம் பட்டு ஜரிகை வியாபாரம் செய்துகொண்டே எழுதினார். கரிச்சான் குஞ்சுவும் அதே வட்டம். காவிரிப் படித்துறையில் இலக்கியம் பேசியே பொழுது போக்கியவர்கள் என்று இவர்களைப் பற்றி ஊரில் பெரியவர்கள் சொல்வார்கள்.

பள்ளிக்கூடம் விட்டு வரும்போது துக்காம்பாளையத் தெரு வழியாகச் சுற்றி வருவது நாவலாசிரியைக்கும் அவருடைய தோழிக்கும் ஒரு ரகசியப் பழக்கம். ஜானகிராமனின் ‘மோகமுள்’ நாவலில் யமுனா வசித்த தெரு அது. எந்த வீடாக இருக்கும் என்று இருவரும் தர்க்கம் செய்வார்கள். திண்ணை வைத்த வீடு, மாடி வைத்த வீடு என்று நாளுக்கொரு வீட்டை யமுனாவுக்குக் கொடுத்தார்கள். கற்பனையில் பிறந்த ஒரு பெண்ணுக்கு நிஜத் தெருவில் முகவரி தேடவைத்த எழுத்து எப்படிப்பட்டதாக இருக்க வேண்டும்!

யமுனா பாபுவைவிடப் பத்து வயது மூத்தவள். மராட்டியத் தாய்க்கும் தமிழ்ப் பிராமணத் தந்தைக்கும் பிறந்தவள். வருகிற வரன்கள் எல்லாம் பிறப்பைக் கேட்டுவிட்டுத் திரும்பிப் போகின்றன. பாபு கல்லூரி மாணவன். சின்ன வயதிலிருந்து அவளைத் தெய்வம் மாதிரி பார்த்துப் பழகியவன், அந்தப் பார்வை மாறிவிட்டதை ஒருநாள் தானே கண்டுகொண்டு தவிக்கிறான். சாதி, வயது, ஊர்வாய் என்று தடைகளுக்குக் குறைவே இல்லை. சாதாரண ஆசிரியர் அந்தத் தடைகளை வைத்தே கதையை ஓட்டியிருப்பார். ஜானகிராமன் அங்கே ரங்கண்ணாவைக் கொண்டுவந்து உட்காரவைக்கிறார்.

ரங்கண்ணா சங்கீத வித்வான். கச்சேரிக்கும் பேருக்கும் அலையாமல் நாதத்தையே வாழ்வாக வைத்துக்கொண்ட கிழவர். அவரிடம் பாபு பாட்டுக் கற்றுக்கொள்ளும் பக்கங்களை, ‘காதல் எப்போது வரும்’ என்று அவசரப்பட்டுப் புரட்டிய வயதும் நாவலாசிரியைக்கு உண்டு. வளர வளர அந்தப் பக்கங்களில்தான் அதிக நேரம் நின்றார். சுருதி சேர்வதற்காக ஒருவன் எவ்வளவு காத்திருக்க வேண்டும், மனம் சிதறினால் குரல் எப்படிக் காட்டிக்கொடுக்கும் என்று ஜானகிராமன் எழுதிக்கொண்டே போகிறார். படிப்பவருக்குப் பாபுவின் காதல் எத்தன்மையது என்பது அங்கேதான் தெரிகிறது. பக்கத்து வீட்டுத் தங்கம்மாவும் கதையில் இருக்கிறாள். கிழவருக்கு வாழ்க்கைப்பட்டவள், பாபுவை நாடி வருகிறாள், கடைசியில் உயிரை விடுகிறாள். அவளோடு பாபுவுக்கு ஏற்பட்டதற்கும் யமுனாவிடம் அவனுக்கு உள்ளதற்கும் என்ன வித்தியாசம் என்று ஆசிரியர் ஒரு வாக்கியத்திலும் விளக்கவில்லை. தங்கம்மாவுக்கும் பாபுவுக்கும் நடுவே சங்கீதம் இல்லை. யமுனாவுக்கும் அவனுக்கும் நடுவே இருக்கிறது.

அதனால்தான் அத்தனை ஆண்டுக் காத்திருப்புக்குப் பிறகு இருவரும் சேரும் இடத்தில் கதை நிறைவடைந்துவிடவில்லை. யமுனா அவனிடம் ஒரு சின்னக் கேள்வி கேட்கிறாள். அந்தக் கேள்வியில் கோபமும் இல்லை, வெட்கமும் இல்லை. அதன்பிறகு பாபு மறுபடியும் இசையைத் தேடித்தான் போகவேண்டியிருக்கிறது. முதலிரவில் திரை விழும் கதைகளையே படித்து வளர்ந்த கல்லூரித் தோழிகளிடம் இந்த முடிவுக்காக அவர் ஆவேசமாக வாதாடியதை இன்னும் நினைவில் வைத்திருக்கிறார். “சேர்ந்துட்டாங்க இல்ல, அப்புறம் என்னடி?” என்றார்கள் அவர்கள். அந்த ‘அப்புறம்’தான் நாவல் என்பது அவர் கட்சி.

எம்.வி. வெங்கட்ராமின் ‘நித்தியகன்னி’யை அவர் அதற்குப் பின்தான் படித்தார். மகாபாரதத்துக் கிளைக்கதை. காலவன் என்ற சீடன் குருவுக்கு 800 வெண்குதிரைகள் காணிக்கை தரவேண்டும், ஒவ்வொன்றுக்கும் ஒரு காது மட்டும் கறுப்பாக இருக்க வேண்டும். குதிரைகளைச் சம்பாதிக்க அவனிடம் யயாதி மகள் மாதவி ஒப்படைக்கப்படுகிறாள். ஒவ்வொரு அரசனிடமும் ஒரு பிள்ளையைப் பெற்றுக்கொடுத்து மறுபடியும் கன்னியாகிவிடும் வரம் பெற்றவள். அவளுக்கும் காலவனுக்கும் இடையே காதல் முளைக்கிறது. முளைத்த பிறகும் குதிரைக் கணக்கு அப்படியே நிற்கிறது. எந்தக் கடமையால் அவர்கள் சந்தித்தார்களோ, அதே கடமை அவளை அடுத்த அரசனின் அந்தப்புரத்துக்கு அனுப்புகிறது. இப்படியொரு கொடுமையான மூன்றாவது பொருளை அவர் வேறு எந்த நாவலிலும் பார்த்ததில்லை. காலவன் வில்லன் இல்லை என்பதுதான் படிப்பவரின் நெஞ்சை அறுக்கிறது.

1980-களில் அவர் சென்னைப் பத்திரிகை ஒன்றுக்குத் தொடர் எழுத ஆரம்பித்தார். அங்கே இருந்த ஆசிரியர் அதிகம் பேசாதவர். இரண்டாவது அத்தியாயத்தைப் படித்துவிட்டு, மூக்குக் கண்ணாடியைக் கழற்றி மேஜை மேல் வைத்துச் சொன்னார்: “அடுத்த அத்தியாயத்துல, அவன் அவளை விரும்பறான்னு ஒரு இடத்துலகூட வரக் கூடாதும்மா. ஆனா படிக்கறவளுக்குத் தெரிஞ்சுடணும். செவ்வாய்க்கிழமை கொண்டாங்க.”

கதாநாயகன் ரேஷன் கடை ஊழியன். கதாநாயகி அரைச் சம்பளத்தில் டீச்சர் வேலை பார்ப்பவள். அவர் எழுதிக்கொண்டு போன அத்தியாயத்தில் நடப்பது இவ்வளவுதான்: சர்க்கரை போடும் நாள். வரிசை தெருமுனை வரை நிற்கிறது. அவன் தராசுத் தட்டிலிருந்து ஒவ்வொருவர் பையிலும் சர்க்கரையைக் கொட்டுகிறான். இவள் முறை வரும்போது கொட்டிவிட்டு, தட்டின் அடியில் விரல் கணுவால் ஒரு தட்டு தட்டுகிறான். ஒட்டிக்கொண்டிருந்த சர்க்கரையும் அவள் பையில் விழுகிறது. மற்றவர்களுக்கு அவன் தட்டுவதில்லை. அவள் அதைக் கவனிக்கிறாள். அவளுக்குப் பின்னால் நிற்கும் கிழவியும் கவனிக்கிறாள். அடுத்த வாரம் வந்த வாசகர் கடிதங்களில் பாதி அந்தச் சர்க்கரையைப் பற்றித்தான். எங்கள் தெருக் கடையிலும் தட்டுகிறார்களா பார்க்கிறேன் என்று திருச்சியிலிருந்து ஒரு வாசகி எழுதியிருந்தார்.

அந்த அத்தியாயத்தை எழுதும்போது அவருக்குக் கல்கியின் முதலைதான் மனதில் இருந்தது. ‘பொன்னியின் செல்வன்’ 1950-லிருந்து 1954 வரை கல்கி பத்திரிகையில் வந்த தொடர். அதில் வந்தியத்தேவன் அரிசிலாற்றங்கரையில் குதிரையில் வருகிறான். பெண்களின் கூச்சல் கேட்கிறது. மரத்தடியில் முதலை வாய் பிளந்து கிடக்கிறது. பாய்ந்து வந்து வேலை எறிகிறான். அது பஞ்சு அடைத்த முதலை. பெண்கள் சிரிக்கிறார்கள். குந்தவை எதிரே நிற்கிறாள். ஒரு மாவீரனை அவன் மனம் பறிகொடுக்கப் போகும் பெண் முன்னால் கல்கி இப்படிக் கொண்டுவந்து நிறுத்துகிறார். அவனுடைய தைரியமும் அவசரமும் அந்த ஒரே எறிதலில் தெரிந்துவிடுகின்றன. அவனை அவமானப்படாமல் காப்பாற்ற நினைக்கும் குந்தவையின் இங்கிதமும் தெரிந்துவிடுகிறது. பிறகு எத்தனையோ அத்தியாயங்கள், எத்தனையோ சதி, கடல் பயணம். குந்தவையும் வந்தியத்தேவனும் தனியாகப் பேசிக்கொள்ளும் இடங்கள் அத்தனை பெரிய நாவலில் கொஞ்சம்தான். ஆனாலும் தலைமுறை தலைமுறையாக அந்த ஜோடியைத் தமிழர்கள் மறக்கவில்லை.

கு.ப.ரா.வின் ‘ஆற்றாமை’ இதற்கு எதிர்ப்பக்கம். கணவன் வெளியூரில் இருக்க, தனியே இருக்கும் ஒருத்தி. அதே வீட்டில் குடியிருக்கும் இளம் தம்பதி தங்கள் அறையில் இருக்கிறார்கள். அவர்களைத் தேடி ஒருவர் வரும்போது, நாசூக்காகத் திருப்பி அனுப்பியிருக்கலாம். அவள் கதவைக் காட்டிவிடுகிறாள். தனிமையைப் பற்றியோ ஏக்கத்தைப் பற்றியோ பெரிய விளக்கம் எதுவும் வேண்டியிருக்கவில்லை. ஒரு கதவு போதுமாக இருந்தது. பெண் மனத்தை இவ்வளவு இரக்கத்தோடு எழுதிய மனிதர் 42 வயதில், 1944-இல் இறந்துபோனார் என்பதை நினைக்கும்போதெல்லாம் நாவலாசிரியைக்குத் தொண்டை அடைக்கும்.

காதலை நேரே சொல்லாமல் வேறொன்றை வைத்துச் சொல்லும் இந்த வித்தை நம்மிடம் புதிதாக வந்ததல்ல என்பது கல்லூரியில் குறுந்தொகை பாடமாக வந்தபோது அவருக்குப் புரிந்தது. வகுப்பில் திணை, துறை என்று மனப்பாடம் செய்ய வைத்தார்கள். குறிஞ்சிக்குப் புணர்தல், பாலைக்குப் பிரிதல், முல்லைக்கு இருத்தல், மருதத்துக்கு ஊடல், நெய்தலுக்கு இரங்கல். தேர்வுக்காகப் படித்த அந்தப் பட்டியலை ஒரு கதாசிரியையின் கண்ணோடு திரும்பப் பார்த்தால் அசந்துபோக வேண்டியிருக்கிறது. அகப்பாடலில் காதலர்களின் பெயரைச் சொல்லக்கூடாது என்று தொல்காப்பியம் விதி வைக்கிறது. பெயர் இல்லை, ஊர் இல்லை, முக வர்ணனையும் பல பாடல்களில் இல்லை. பதிலுக்கு நிலம் இருக்கிறது, பொழுது இருக்கிறது, தினைப்புனம், யானை, நண்டு, உப்பு வண்டி எல்லாம் இருக்கின்றன. கவிஞர் தன் குரலில் பேசுவதும் இல்லை. தலைவி தோழியிடம் பேசுவாள், தோழி தலைவனிடம் பேசுவாள், செவிலி நற்றாயிடம் பேசுவாள். காதலை எப்போதும் யாரோ ஒருவர் யாரிடமோ சொல்லிக்கொண்டிருக்கிறார். உ.வே. சாமிநாதையர் 1937-இல் குறுந்தொகைப் பதிப்பை வெளியிட்டார். கு.ப.ரா.வும் அவர் நண்பர்களும் எழுதிக்கொண்டிருந்த அதே காலம் என்பதில் நாவலாசிரியைக்கு ஒரு தனி மகிழ்ச்சி.

கல்யாணத்துக்குப் பின் வரும் காதலை எழுதுவதுதான் எல்லாவற்றிலும் கடினம் என்பது அவர் அனுபவம். பிரிந்திருப்பவர்களுக்கு ஏக்கம் இருக்கிறது, ஒரே வீட்டில் இருப்பவர்களுக்கு எதை வைப்பது? ஜெயகாந்தன் ‘ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்’ எழுதியபோது கல்யாணிக்கும் ரங்காவுக்கும் நடுவே அபிப்பிராயத்தை வைத்தார். அவள் நாடக நடிகை, அவன் அவளுடைய நாடகத்தை விமர்சித்து எழுதிய பத்திரிகைக்காரன். அன்பு என்றால் என்ன என்பதில் இருவருக்கும் இரண்டு கருத்து, அதை வைத்தே வீடு பிளக்கிறது. பேச்சு அதிகம் என்று சிலர் அந்த நாவலைக் குறை சொல்வார்கள். பேசிப் பேசியே ஒருவரையொருவர் தீண்டிக்கொள்ளும் தம்பதிகளும் உலகத்தில் உண்டு என்பார் நாவலாசிரியை. பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’ 2010-இல் வந்தது. அதைச் சுற்றி எழுந்த எதிர்ப்பும், 2016-இல் வந்த சென்னை உயர்நீதிமன்றத் தீர்ப்பும் ஊருக்குத் தெரிந்தவை. அந்த இரைச்சலில் பலர் கவனிக்க மறந்த ஒன்று, தமிழில் எழுதப்பட்ட மிக நல்ல கணவன் மனைவி ஜோடிகளில் காளியும் பொன்னாவும் அடங்குவார்கள் என்பது. இல்லாத குழந்தைதான் அங்கே மூன்றாவது பொருள். காளி மாமனார் வீட்டில் நட்ட பூவரச மரம் கதையின் தொடக்கத்திலேயே பெரிதாக வளர்ந்து நிழல் கொடுத்துக்கொண்டு நிற்கிறது. கல்யாணமாகி எத்தனை காலம் ஆகிறது என்பதை ஊர் ஞாபகப்படுத்துவதற்கு முன்பே மரம் ஞாபகப்படுத்திவிடுகிறது.

வண்ணநிலவனின் ‘கடல்புரத்தில்’ 1977-இல் வந்த சின்ன நாவல். பிலோமிக்கும் சாமிதாஸுக்கும் உள்ள காதல் கைகூடவில்லை. பின்னணியில் நாட்டுப் படகான வல்லத்துக்கும் விசைப்படகான லாஞ்சுக்கும் நடக்கும் சண்டையில் ஊரே இரண்டாகிக் கிடக்கிறது. தோற்றுப்போன காதலை வெறுப்பில்லாமல் எழுத முடியும் என்பதற்கு நாவலாசிரியை தன் கதை வகுப்பு மாணவர்களிடம் கொடுக்கும் புத்தகம் அது.

அவர் இப்போது எழுதிக்கொண்டிருக்கும் நாவலின் ஜோடி காஞ்சிபுரத்தில் தறி நெய்கிறது. கோர்வைப் புடவை நெய்வதை அங்கே உட்கார்ந்து பார்த்த பிறகுதான் நாவலே தொடங்கியது. உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். இரண்டு கரைக்கும் உடலுக்குமாக மூன்று நாடா ஓடும். தறியில் உட்கார்ந்திருப்பவர் ஒருவர், பக்கத்திலிருந்து கரை நாடாவைப் போட்டுக் கொடுப்பவர் இன்னொருவர். ஒருவர் கை நின்றால் மற்றவர் கையும் நிற்க வேண்டியதுதான். அவர் பார்த்த வீட்டில் கணவர் தறியில் இருந்தார், மனைவி பக்கத்தில் இருந்தார். இருவருக்கும் அறுபதைத் தாண்டிய வயது. பேச்சுக்கொடுத்ததில், சண்டை போட்ட அன்றைக்கு எப்படிச் சமாளிப்பீர்கள் என்று அவர் கேட்டார்.

“என்னாங்க பண்றது? பேசலைன்னாலும் நாடாவ நான் போட்டாத்தானே அவரு அடுத்த இழை போட முடியும்?” என்றார் அந்த அம்மாள். “கோவம் இருந்தா கொஞ்சம் வேகமா போடுவேன். அவருக்குத் தெரிஞ்சிடும்.”

கணவர் தறியிலிருந்து தலையைத் தூக்காமல் சொன்னார்: “கரை இறுகிடும். இழுத்துப் பாத்தாலே தெரியும். அப்புறம் நான்தான் எழுந்து போய் டீ போட்டாரணும்.”

அவர் நாவலில் அந்த ஜோடி சின்ன வயதுக்காரர்கள். மகனைக் கடை வேலைக்கு அனுப்புவதா, தறியில் உட்காரவைப்பதா என்பதில் பேச்சு முறிந்துவிட்டது. ஒரு புடவை முடியும் வரைக்கும் அவர்கள் பேசிக்கொள்ளப் போவதில்லை. முந்தானை நெய்யும் இடம் வந்திருக்கிறது. நாடாவில் இருக்கும் நூல் தார் தீர்ந்துபோனால் யார் எழுந்து சுற்றுவது என்பதில் அத்தியாயம் நிற்கிறது.

இதற்கிடையே மாதம் ஒருமுறை இளைஞர்களுக்குக் கதை எழுதும் வகுப்பும் எடுக்கிறார். போன முறை ஒரு பெண், ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கும் இருவரைப் பற்றிக் கதை எழுதிக்கொண்டு வந்திருந்தாள். அதிகாலை ஷிப்ட், ஒரே மேஜை, ஒருநாள் இரண்டு பேருடைய ரத்தக் குப்பிகள் மாறிப்போகின்றன. பழியை அவன் ஏற்றுக்கொள்கிறான். அதற்குப் பிறகு நாலு பக்கத்துக்கு மொட்டை மாடியும் மழையும். வாசித்து முடித்துவிட்டு, “அவங்க லவ் பண்றதை இன்னும் கொஞ்சம் அழுத்தமா எழுதணுமா மேடம்?” என்று கேட்டாள்.

“மழையெல்லாம் அப்புறம் பாத்துக்கலாம்மா. அந்தக் குப்பிய நிஜமா மாத்தி வெச்சது யாரு? அவளா, அவனா? அது அவளுக்குத் தெரியுமா? மொதல்ல அதை எழுதிண்டு வா” என்றார் அவர்.